ஒராங்குட்டானிடம் யோசனை கேட்டவர்

1924ஆம் ஆண்டு மார்ச் மாதம் நியூயோர்க் நகரிலே உலகின் தலைசிறந்த சதுரங்க வீரர்கள் பதினொருவர் கூடியிருந்தனர். அப்போதைய உலக வல்லவர் கபபிளாங்கா, அவருக்கு முன் அப்பட்டத்தை வைத்திருந்த லாஸ்கர், அவருக்குப் பின் அதைப் பெறவிருந்த அலெகைன் ஆகிய மூவரும் ஒரே மண்டபத்தில் ஆடிய போட்டி அது. போட்டிக்கு நடுவில் வீரர்கள் பிரொங்ஸ் மிருகக்காட்சிச்சாலைக்குப் போனார்கள். அங்கே சூசன் என்று பெயரிடப்பட்ட ஒராங்குட்டான் ஒன்று இருந்தது. வீரர்களில் ஒருவர் அதன் கூண்டருகே நின்று, அடுத்த ஆட்டத்தை எப்படித் தொடங்கலாம் என்று அதனிடம் யோசனை கேட்டார். மறுநாள் ஹங்கேரிய மேதை மரோட்சிக்கு எதிராக அவர் அமர்ந்தபோது, அரசிப் பக்கத்துக் குதிரையின் முன்னால் நிற்கும் காலாளை இரண்டு கட்டம் முன்னே தள்ளினார். சூசன் சொன்ன யோசனை இதுதான் என்பது அவருடைய வாக்குமூலம். அந்தக் காலாள் மேலே மேலே ஏறும் விதம் ஒராங்குட்டான் மரமேறுவதை நினைவூட்டுகிறது என்றும் சொன்னார். ஒரு நூற்றாண்டு கழிந்த பின்னும் அந்தத் தொடக்கத்துக்கு ஒராங்குட்டான் என்ற பெயர் வழங்குகிறது.

அவர் பெயர் சவியெலி டார்ட்டகோவர். நேயர்களிற் பலர் இப்பெயரைக் கேள்விப்பட்டிருக்கமாட்டீர்கள். கவிஞர்களையும் கதாசிரியர்களையும் பற்றிப் பேசும் இடத்தில் ஒரு சதுரங்க வீரரைக் கொண்டுவருவதற்கு எனக்குக் காரணம் உண்டு. இவர் கவிதை எழுதியவர், கவிதைகளை மொழிபெயர்த்தவர். அது மாத்திரமன்று. சதுரங்க உலகம் இவரை நெடுங்காலம் விகடகவி என்றே எண்ணிவந்தது. அந்தக் கணிப்பு எவ்வளவு சரியானது என்பதைத்தான் பார்க்க விரும்புகிறேன்.

சதுரங்கம் அறியாதவர்களுக்காக ஒரு சிறு விளக்கம். பலகையில் 64 கட்டங்கள். நடுவிலுள்ள நான்கு கட்டங்கள் ஊரின் நாற்சந்தி போன்றவை. அந்தச் சந்தியைப் பிடித்துக்கொண்டவனுடைய காய்கள் எத்திசைக்கும் விரைவாகப் போகலாம். ஆகவே முதலில் நடுவிலுள்ள காலாள்களை முன்னே செலுத்து, பிறகு குதிரையையும் மந்திரியையும் வெளியே கொண்டுவா, அரசனைக் காப்பான இடத்தில் வை என்பதே பாலபாடம். ஜேர்மனிய வைத்தியரான தாராஷ் இதனை இலக்கணமாகவே வகுத்து வைத்திருந்தார். ஐரோப்பாவின் ஆட்டக்காரர் இரண்டு தலைமுறையாக அவருடைய நூல்களைப் படித்தே வளர்ந்தனர். இந்த நிலையில் ஓரக் காலாளை முதலில் தள்ளுவது, சந்தியில் இடம் வெறுமையாகக் கிடக்க ஒழுங்கைக்குள்ளே வேலியோரம் கடை போடுவது போன்றது.

எங்கள் கல்லூரியில் இடைவேளை நேரத்தில் சதுரங்கம் ஆடும் மாணவர் சிலர் உண்டு. இந்த ஆட்டத்தின் முதல் நகர்வை ஒருமுறை அவர்களுக்குக் காட்டினேன். "இது பிழை சேர்" என்றான் ஒருவன் உடனே. "ஏன் பிழை?" என்று கேட்டேன். "புத்தகத்தில் இல்லை" என்றான். மரபு மனத்துக்குள் எப்படிக் குடியேறுகிறது என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைத்ததில்லை. யாப்பிலக்கணம் படிப்பிக்கும்போது இதே பதிலை நான் வேறு வடிவத்தில் பலமுறை கேட்டிருக்கிறேன்.

எந்தக் கலையிலும் மரபின் பிடி மிக இறுக்கமாக இருப்பது தொடக்கத்திலேதான். நமது காப்பியங்களுக்கு மங்கலச் சொல் வேண்டும், கடவுள் வாழ்த்து வேண்டும் என்று வகுத்தார்கள். ஆனால் இளங்கோவடிகள் திங்களையும் ஞாயிற்றையும் மழையையும் புகார் நகரையும் போற்றித் தம் காப்பியத்தைத் தொடங்கினார். அது மரபு அறியாமையால் நேர்ந்தது என்று யாரும் சொல்வதில்லை. டார்ட்டகோவரையும் அவ்வாறே அணுகவேண்டும் என்பது என் கருத்து.

அவர் 1887 பெப்ரவரியில் ரஷ்யாவின் தென்புறத்திலுள்ள ரொஸ்தோவ் நகரிலே பிறந்தார். பெற்றோர் யூத வழியினர். ஒஸ்திரியக் குடியுரிமை உடையவர்கள். மகன் ஜெனீவாவிலும் வியன்னாவிலும் சட்டம் பயின்று கலாநிதிப் பட்டமும் பெற்றார். ஆனால் வழக்கறிஞராகத் தொழில் நடத்தவில்லை. 1906இல் ஜேர்மனியின் நியூரம்பேர்க் நகரில் நடந்த போட்டியில் வென்று மாஸ்டர் என்ற தகுதியை அடைந்தபின் வியன்னாவின் கோப்பிக் கடைகளே அவருக்கு நீதிமன்றமாயின. அக்கடைகளில் எழுத்தாளரும் ஓவியரும் சதுரங்கம் ஆடுவோரும் ஒரே மேசையைச் சுற்றி இருந்து பகல் முழுவதும் வாதாடுவார்கள். 1911இல் ரொஸ்தோவிலிருந்து செய்தி வந்தது. வீட்டில் புகுந்த கொள்ளையர்கள் அவருடைய தாயையும் தந்தையையும் கொன்றுவிட்டார்கள். அப்போது அவருக்கு வயது 24.

வியன்னாவில் அவருக்குக் கிடைத்த தோழர் ரிச்சர்ட் ரேட்டி. 1910இல் இருவரும் விளையாட்டாக ஆடிய ஓர் ஆட்டத்தில் ரேட்டி தன் அரசியைப் பலி கொடுத்து, பதினோராவது நகர்விலேயே டார்ட்டகோவரின் அரசனை மடக்கினார். சதுரங்கப் பாடநூல்களில் இந்த ஆட்டம் இன்றும் வருகிறது. கொடுத்து வைக்காத மனிதர் என்றுதான் சொல்லவேண்டும். அவர் பெயர் வரும் ஆட்டங்களுள் மாணவர்கள் முதலில் காண்பவை இரண்டு. இரண்டிலும் தோற்றவர் அவரே. மற்றையது நியூயோர்க்கில் கபபிளாங்கா தம் அரசனை எதிராளியின் காய்களுக்கு நடுவே நடத்திச் சென்று, காலாள்களை இழந்தும் வென்ற கோட்டை முடிவாட்டம். அத்தகைய முடிவாட்டத்தை எப்படி ஆடுவது என்று கற்பிக்க அதனையே எடுத்துக்காட்டுவது வழக்கம்.

வென்ற ஆட்டங்களுள் ஒன்றையாவது இங்கே சொல்லாவிட்டால் அநீதி. 1922இல் டெப்ளிட்ஸ் நகரில் மரோட்சிக்கு எதிராகக் கறுப்புக் காய்களோடு ஆடியபோது ஒரு முழுக் கோட்டையைக் கொடுத்தார். பலி கொடுத்தால் அடுத்த நாலைந்து நகர்வுகளில் பலன் தெரியவேண்டும் என்பது அக்கால எதிர்பார்ப்பு. இவர் கொடுத்த பலிக்கோ உடனடிப் பலன் எதுவும் இல்லை. மெல்ல மெல்ல, பின்வரிசையில் கிடந்த காய்களை ஒவ்வொன்றாகக் கொண்டுவந்து சேர்த்தார். மரோட்சியிடம் ஒரு கோட்டை மேலதிகமாக இருந்தும் மூச்சுவிட இடமில்லாமற் போயிற்று. அந்த ஆட்டம் அழகுக்கான பரிசுகளில் ஒன்றைப் பெற்றது, முதற்பரிசு கிடைக்கவில்லை. கணக்கிட்டு முடிக்க முடியாத ஒன்றுக்கு முதற்பரிசு கொடுக்க நடுவர்களுக்கு மனம் வரவில்லைப் போலும்.

முதலாம் உலகப்போரிலே அவர் ஒஸ்திரிய-ஹங்கேரியப் படையில் சேர்க்கப்பட்டு, தாம் பிறந்த நாட்டுக்கு எதிரான போர்முனையில் பணியாற்றினார். போர் முடிந்தபோது அந்தப் பேரரசே இல்லை. அவர் பிறந்த ரஷ்யப் பேரரசும் இல்லை. பழைய ஒழுங்குகள் எல்லாம் இடிந்து கிடந்த அந்த ஆண்டுகளில்தான் சதுரங்கத்திலும் ஒரு கலகம் எழுந்தது. ரேட்டி, நிம்சோவிச் முதலியோர் தாராஷின் இலக்கணத்தை மறுத்தனர். நாற்சந்தியைப் பிடிக்க அங்கே போய் நிற்கவேண்டியதில்லை; தூரத்திலிருந்து அதைக் கண்காணித்தால் போதும்; எதிராளி அங்கே கட்டும் மாளிகையையே பிறகு இலக்காக்கிக்கொள்ளலாம் என்றனர். இந்தப் புதுப்போக்குக்கு 'அதிநவீனம்' என்ற பெயரைப் பரப்பியது டார்ட்டகோவர் ஜேர்மன் மொழியில் எழுதிய பெருநூலே. 1924இல் வியன்னாவில் வெளிவந்த அந்நூல் ஆட்ட வரலாறாகவும் விமர்சனமாகவும் நகைச்சுவைக் கட்டுரையாகவும் ஒருங்கே அமைந்தது.

இங்கே நம் பக்கத்துக்கும் ஒரு பங்கு உண்டு. நடுக்கட்டங்களைத் தூரத்திலிருந்து தாக்கும் தற்காப்பு முறைகளுக்கு ஐரோப்பியர் இட்ட பெயர் 'இந்திய' என்பது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலே கல்கத்தாவில் வாழ்ந்த ஸ்கொட்லாந்து வழக்கறிஞர் ஜோன் கொக்ரேனோடு மகேஷ் சந்திர பானர்ஜி என்ற வங்காளி நூற்றுக்கணக்கான ஆட்டங்கள் ஆடினார். அவற்றிலே மந்திரியை ஓரத்தில் நிறுத்தி, நடுவை எதிராளிக்கு விட்டுக்கொடுத்து ஆடும் முறை காணப்படுகிறது. காலாளை முதல் நகர்வில் ஒரு கட்டமே நகர்த்தலாம் என்ற நாட்டு விதியோடு வளர்ந்த கைக்கு அது இயல்பாக வந்திருக்கலாம். வியன்னாவில் 1920களில் அதிநவீனம் எனப்பட்டது, கல்கத்தாவில் 1850களின் பழக்கமாக இருந்தது.

மீண்டும் நியூயோர்க்குக்கு வருவோம். அப்போட்டியில் ரேட்டி தம் புதுமுறைத் தொடக்கத்தால் கபபிளாங்காவைத் தோற்கடித்தார். எட்டு ஆண்டுகளாகத் தோல்வியே காணாதவர் கபபிளாங்கா. டார்ட்டகோவரோ வேறொரு திசையில் போனார். ஒருபுறம் ஒராங்குட்டான். மறுபுறம் அரசன் காவுத் தொடக்கம் என்ற பழம்பெரும் முறை. பாட்டன்மார் கண்மூடித்தனமாகத் தாக்குவதற்குப் பயன்படுத்திய அந்தத் தொடக்கத்திலே இவர் மந்திரியை ஒரே ஒரு கட்டம் மாத்திரம் நகர்த்தி அடக்கமாக நிறுத்தினார். சபை சிரித்தது. ஆனால் பொகொல்யூபொவும் இங்கிலாந்து வீரர் யேட்ஸும் அந்த அடக்கமான மந்திரிக்குத் தோற்றார்கள். அலெகைன் சமன் செய்தார். பிறகு கபபிளாங்காவுக்கு எதிராகவும் அதையே ஆடினார். ஒன்பதாவது நகர்விலே கபபிளாங்கா ஒரு குதிரையை எடுத்து வைத்தார்; அதோடு வெள்ளையின் கட்டடம் சரிந்தது. உலக வல்லவருக்கு எதிராக ஒரே வித்தையை நாலாவது தடவையும் காட்டியிருக்க வேண்டியதில்லை என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

மரோட்சியுடனான ஒராங்குட்டான் ஆட்டம் டார்ட்டகோவரின் தோல்வியில் முடிந்தது. அத்தொடக்கத்தைப் பற்றி அலெகைன் எழுதிய குறையும் கவனிக்கத்தக்கது: எதிராளியின் எண்ணம் தெரிவதற்கு முன்பே வெள்ளை தன் எண்ணத்தை வெளியிட்டுவிடுகிறது என்றார். நியாயமான கண்டனம். போட்டி முடிவில் டார்ட்டகோவர் 20 ஆட்டங்களில் 8 புள்ளிகளோடு எட்டாம் இடத்தில் இருந்தார். ஆக, விசித்திரத் தொடக்கங்கள் அவருக்கு வெற்றியை வாரி வழங்கின என்று கதை சொல்ல முடியாது. பல ஆட்டங்களை அவை கெடுத்தன. உலக வல்லவர் பட்டத்துக்கு அவர் ஒருபோதும் போட்டியிடவும் இல்லை.

அப்படியானால் ஏன் ஆடினார்? மனப்பாடம் செய்த பாதையில் எதிராளி வராமல் தடுப்பதற்கு என்பது ஒரு விடை. அது உண்மை, ஆனால் போதாது. அவருடைய நூல்களைப் பார்த்தால் எந்தத் தொடக்கத்தையும் அவர் செத்துப்போனது என்று தள்ளவில்லை என்பது தெரியும். அனைவரும் கைவிட்டதை எடுத்துத் தூசு தட்டுவார்; இதில் இன்னும் ஒரு நகர்வு மிச்சம் இருக்கிறதா என்று தேடுவார். 1929இல் பார்சிலோனாவில் போட்டி நடத்தியவர்கள் தம் நாட்டின் சதுரங்கப் பாரம்பரியத்துக்கு மரியாதையாகப் புதிய தொடக்கம் ஒன்றை ஆக்கித் தரும்படி அவரிடம் கேட்டார்கள். புலவரிடம் தலபுராணம் பாடச் சொல்வது போன்ற வேண்டுகோள். அவரும் ஆக்கிக் கொடுத்தார். கற்றலான் என்ற பெயரோடு அது இன்று உலக வல்லவர் போட்டிகளில் ஆடப்படுகிறது. சிரித்துக்கொண்டே செய்த காரியம் எல்லாம் விளையாட்டாகிவிடாது.

1924இல் அவர் பாரிஸில் குடியேறினார். குடியுரிமையோ போலந்துடையது. போலந்து மொழி அவருக்குப் பேச வராது. இருந்தும் அந்நாட்டு அணிக்குத் தலைமை தாங்கி ஆறு சதுரங்க ஒலிம்பியாட்களில் பங்குபற்றினார். 1930இல் ஹம்பர்க்கில் ருபின்ஸ்டைன், பிஷெபியுர்கா முதலியோருடன் தங்கப்பதக்கம் வென்றார். 1935இலும் 1937இலும் போலந்தின் தேசிய வல்லவர் அவரே.

1931இல் ஒஸ்திரியாவின் செம்மரிங் மலையூரில் அவருக்கும் பஞ்சாபிலிருந்து வந்த மிர் சுல்தான் கானுக்கும் 12 ஆட்டங்கள் கொண்ட போட்டி நடந்தது. எனக்கு இச்சந்திப்பில் தனி ஈடுபாடு. ஒருவர் உலகிலுள்ள தொடக்கங்கள் அத்தனையும் கற்று, வேண்டுமென்றே வழிவிலகுபவர். மற்றவர் நாட்டு விதிகளில் ஆடிப் பழகி, 1929இல் லண்டனுக்கு வந்த அதே ஆண்டிலேயே பிரித்தானிய வல்லவரானவர்; ஐரோப்பியத் தொடக்க நூல்களோடு வளர்ந்தவர் அல்லர். முடிவு சுல்தான் கானுக்குச் சாதகமாக அமைந்தது: 4 வெற்றி, 3 தோல்வி, 5 சமநிலை. சுல்தான் கான் சில ஆண்டுகளில் ஊர் திரும்பிவிட்டார். அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கிடைத்தது 2024இலேதான். அவர் மறைந்து பல பத்தாண்டுகள் ஆனபின்.

1939 ஓகஸ்டில் ஆர்ஜென்டீனாவின் புவனோஸ் அயர்ஸ் நகரிலே ஒலிம்பியாட் தொடங்கியது. ஆட்டங்கள் நடந்துகொண்டிருக்கும்போதே செப்டெம்பர் 1ஆம் திகதி ஜேர்மனி போலந்தின்மீது படையெடுத்தது. ஒரே மண்டபத்தில் இரு நாட்டு அணிகளும் இருந்தன. இங்கிலாந்து அணி கப்பலேறிவிட்டது. போலந்தும் பிரான்ஸும் பலஸ்தீனமும் ஜேர்மனியோடு ஆட மறுத்தன. ஆடப்படாத அந்தச் சந்திப்புகளுக்குப் புள்ளிகள் சரிபாதியாகப் பகிரப்பட்டன. இறுதியில் ஜேர்மனி 36 புள்ளிகள், போலந்து 35½. அரைப் புள்ளியால் தங்கம் போயிற்று. பதக்கம் வாங்கியவர்களுக்குத் திரும்பிப்போக நாடு இல்லை.

பலர் ஆர்ஜென்டீனாவிலேயே தங்கிவிட்டனர். அணியில் இருந்த இளைஞர் நைடோர்ப் அவர்களுள் ஒருவர். போலந்தில் விட்டுவந்த மனைவி, பிள்ளை, பெற்றோர் எல்லாரையும் அவர் நாசிகளின் கொலைக்களங்களில் இழந்தார். ஹம்பர்க்கில் தங்கம் வென்ற பிஷெபியுர்கா 1940இல் வார்சோவுக்கு அருகே பல்மிரிக் காட்டில் சுட்டுக் கொல்லப்பட்டார். டார்ட்டகோவருக்கு அப்போது 52 வயது. யூதக் குருதி. தங்கியிருந்தால் உயிருக்கு ஆபத்தில்லை. அவரோ ஐரோப்பாவுக்குத் திரும்பிப் போனார். பிரான்ஸ் வீழ்ச்சியடைவதற்குச் சற்று முன் அங்கே போய்ச் சேர்ந்து, பின்னர் கார்ட்டியே என்ற புனைபெயரில் தளபதி டி கோலின் சுதந்திரப் பிரெஞ்சுப் படையில் இணைந்தார். அவர் ஆடிய தொடக்கங்கள் எல்லாவற்றிலும் இதுவே மிக வழக்கத்துக்கு மாறானது. நைடோர்ப் பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்ற பின்னும் அவரை "என் ஆசிரியர்" என்றே குறிப்பிட்டார்.

அவருக்குப் பல பெயர்கள் இருந்தன. கவிதைக்கு ஒரு பெயர் வேண்டியிருந்தபோது தம் குடும்பப் பெயரைக் கடைசி எழுத்திலிருந்து திருப்பி ரெவொகட்ரட் என்று வைத்துக்கொண்டார். சம்பந்தர் பாடிய மாலைமாற்றைப் படித்த நமக்கு இது பழகிய விளையாட்டு. ஆயினும் நாடுகள் ஒவ்வொன்றாகக் கைநழுவிப்போன ஒருவர் தம் பெயரையே தலைகீழாக்கிப் பார்ப்பதில் வேறொரு தொனியும் எனக்குக் கேட்கிறது.

அவருடைய வாய்மொழிகள் வீரர்களிடையே வழங்குகின்றன. வெல்பவன் பிழையே விடாதவன் அல்லன், கடைசிப் பிழையை எதிராளிக்கு விட்டுக்கொடுத்தவன் என்ற கருத்து அவருடையது. தோல்வியை ஒப்புக்கொண்டு எவரும் வென்றதில்லை என்பதும் அவர் சொன்னதாகவே வழங்குகிறது. காளமேகத்தின் சிலேடைகளைப் போல, இவை முதலில் சிரிப்பையும் பிறகு ஒரு கணம் மௌனத்தையும் தருகின்றன. கையில் வந்த பணத்தைச் சூதாட்ட விடுதிகளில் இழந்துவிடுவார் என்று சக வீரர்கள் எழுதியிருக்கிறார்கள். எழுதியே பிழைத்தார், நிறைய எழுதினார்.

போருக்குப் பின்னர் போலந்தில் ஆட்சி மாறியதும் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றார். 1945-46இல் ஹேஸ்டிங்ஸ் போட்டியை வென்றார். 1950இல் உலகச் சம்மேளனம் முதன்முறையாக 27 பேருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் வழங்கியபோது அவர்களுள் ஒருவரானார். 1953இல், 66ஆவது வயதில், பிரான்ஸின் தேசிய வல்லவரானார். 1956 பெப்ரவரியில் பாரிஸில் காலமானார்.

1972இல் ஐஸ்லாந்தின் ரெய்க்யவிக் நகரில் பொபி பிஷரும் பொரிஸ் ஸ்பாஸ்கியும் உலகப் பட்டத்துக்காக மோதினர். ஆறாவது ஆட்டத்தில் ஸ்பாஸ்கி தமக்கு மிக நம்பிக்கையான தற்காப்பை எடுத்தார். அதன் பெயர் டார்ட்டகோவர் தற்காப்பு. அரசிப் பக்கத்துக் குதிரையின் முன்னால் நிற்கும் காலாளை ஒரு கட்டம் தள்ளி மந்திரிக்கு வழிவிடுவது அதன் உயிர்நிலை. 1920களில் டார்ட்டகோவர் ஆடியபோது சந்தேகத்தோடு பார்க்கப்பட்ட அந்த நகர்வு, அதற்குள் பள்ளிப்பிள்ளைகளும் படிக்கும் பாடமாகியிருந்தது. சூசன் காட்டியதாக அவர் சொன்ன காலாள் நின்ற அதே வரிசைதான். இம்முறை கறுப்புப் பக்கம். ஸ்பாஸ்கி தோற்றார். ஆட்டம் முடிந்ததும் சபையோர் பிஷருக்காகக் கைதட்டினர்; ஸ்பாஸ்கியும் அவர்களோடு சேர்ந்து கைதட்டினார்.